தலைவர் நாற்காலியில் அம்மா

அந்தச் சிவப்புப் பிளாஸ்டிக் நாற்காலியைப் பட்டாசுக் கம்பெனி வேன் வந்து நிற்கும் இடத்தில் கொண்டுபோய்ப் போட்டவள் என் தங்கை. 'இன்று நீங்கள்தான் தலைவர்' என்று ஓர் அட்டையை அதன் முதுகில் தொங்கவிட்டு, எதிரே கேமராவை நிறுத்தினாள். ஆமத்தூர்ப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரின் ஊராட்சித் தலைவராக ஓட்டு வாங்கி ஜெயித்தவள் நான். நான் இருக்கும்போதே இது நடந்தது.

அவள் சென்னையில் ஓவியம் படித்தவள். அப்புறம் தூரிகையை மூட்டைகட்டி வைத்துவிட்டு, பொது இடத்தில் ஆட்களைக் கூட்டி எதையாவது நிகழ்த்துவதும் அதை வீடியோ எடுப்பதும்தான் தன் கலை என்றாள். மக்களாட்சிதான் அவளுடைய விஷயம். "ஓட்டுப் போட்ட மறுநாள் சனங்க எங்க போயிருதாகன்னு பாக்கணும்க்கா" என்பாள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். மறுநாளிலிருந்து அவர்களோடு மல்லுக்கட்டுவது நான்தானே! சின்ன வயதிலும் அப்படித்தான். தண்ணீர் சுமப்பது நான், அம்மாவைச் சிரிக்க வைப்பது அவள். எனக்குப் பொறாமைதான், அதை எதற்கு மூடி மறைக்க வேண்டும்?

கிராம சபையில் மைக்கைப் பிடித்து, "கோரிக்கை ஏதும் இருந்தா சொல்லுங்க" என்று கெஞ்சாத குறையாகக் கேட்பேன். கையெழுத்துப் போடுவார்கள், சேவும் டீயும் வாங்கிக்கொள்வார்கள், எழுந்து போய்விடுவார்கள். அதே சனம், தங்கை நாற்காலி போட்ட அன்று சாயங்காலம் பட்டாசு ஆலை வேனிலிருந்து இறங்கி, மருந்துத் தூள் படிந்த கையோடு நாற்காலிக்கு வரிசையில் நின்றது. ஒரு பெண் உட்கார்ந்து முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, "மொதல்ல அந்தச் சாக்கடைய மூடுங்கலே" என்று அதிகாரம் செய்தாள். கூட்டம் கைதட்டியது. நான் ரேஷன் கடை வாசலில் நின்று வயிறெரிந்தேன். சாக்கடை பற்றி என்னிடம் ஒருவரும் வாய் திறந்ததில்லை.

அடுத்து வந்தது எங்கள் அம்மா. நான் எவ்வளவு சொல்லியும் ஆலை வேலையை விடாதவள். தொண்டையைச் செருமிக்கொண்டாள். "சீசன்ல விடியுமுன்ன வேன் வந்துருது. இங்கன லைட்டு இல்ல. இருட்டுல நாய்க்குப் பயந்துகிட்டு நிக்கோம். நான் தலைவரா இருந்தா லைட்டுதான் போடுவேன்." என்னோடு ஒரே வீட்டில் இருக்கிறவள் சொன்னது இது.

அந்த விளக்குக்காக ஒன்றிய அலுவலகத்துக்கு நான் நடந்த நடை கொஞ்சமல்ல. விளக்கு முதன்முதலில் எரிந்த அன்று டீக்கடையில், "தங்கச்சி படம் புடிச்சா, லைட்டு வந்துருச்சு பாத்தீகளா" என்று பேசிக்கொண்டார்கள். தங்கை அதற்குள் அந்த வீடியோவோடு வெளியூர்க் கண்காட்சிக்குப் போயிருந்தாள்.

பொறுக்க முடியாமல் அம்மாவிடம் கேட்டேன்: "வீட்டுலயே இருக்கேன்ல, என்கிட்ட ஒரு வார்த்தை சொன்னா என்ன?"

அம்மா வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னாள்: "அவகிட்ட சொன்னா, அவ கேட்டாப் போதும். ஒன்கிட்ட சொன்னா நீ செஞ்சாகணும்ல. முடியலைன்னா ஊரு ஒன்னயத்தான ஏசும்?"

போன கிராம சபைக்கும் அம்மா வந்திருந்தாள். மைக்கை அவள் பக்கம் நீட்டினேன். ஒன்றுமில்லை என்று தலையை ஆட்டிவிட்டு டீயை எடுத்துக்கொண்டாள். அம்மாவுக்கு என்ன வேண்டும் என்று அவள் வாயால் கேட்க நினைத்தால், தங்கையின் வீடியோவைத்தான் நான் போட்டுப் பார்க்க வேண்டியிருக்கிறது.