சண்டைக்கே போகாத போர் விமானம்

செய்யூர்க்காரர் ஏசுதாஸ் விமானப்படையில் இருபது வருஷம் விமானம் பழுதுபார்க்கும் பிட்டராக இருந்து, ஒரு வகைக் குட்டிப் போர் விமானத்தின் குடலை உருவிப் பார்த்தவர். அதைச் செய்த வெள்ளைக்காரன் தன் படைக்கு வேண்டாமென்று ஒதுக்கி நமக்கு விற்றான். எழுபத்தொன்றாம் வருஷப் போரில் அது நன்றாகத்தான் சண்டை போட்டது. ஆனால் வால் பக்கத்து ஹைட்ராலிக் மக்கர் பண்ணி நம் ஆட்களையும் கொன்றது. பிறகு பெங்களூரில் அதைத் திருத்திப் புதிதாகக் கட்டினார்கள்.

அந்தப் புது ரகத்துக்கும் வயதாகிப் போக, 1998இல் அதில் ஒன்று லாரியேறி, மாமல்லபுரம் போகும் வழியில் தர்மராஜ் நடத்திய என்ஜினீயரிங் காலேஜ் வாசலுக்கு வந்து நின்றது. தர்மராஜ் செங்கல் சூளையிலிருந்து நேரே கல்விக்குத் தாவிய மகான். ஏசுதாஸ் அங்கே லேப் அட்டெண்டர்.

ஆயுத பூஜைக்குச் சக்கரத்தடியில் எலுமிச்சை வைத்தார்கள். வேகம் பார்க்கிற மூக்குக் குழாயில் கெட்டியாகச் சந்தனத்தை அப்பி அடைத்தார்கள். பறக்கிற விமானமாயிருந்தால் அந்தச் சந்தனமே பைலட்டைக் கொன்றிருக்கும். பெரிய படிப்புப் படித்த புரொபசர்கள் விமானத்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டு கும்பிட்டார்கள். பக்கத்திலேயே பலகை: ‘1971 போரில் மூன்று எதிரி விமானங்களை வீழ்த்தியது.’

“சார், இது சண்டை முடிஞ்சி ஆறு வருசம் கழிச்சி செஞ்சது சார்” என்றார் ஏசுதாஸ், தர்மராஜிடம்.

“போர்டு எழுதியாச்சிபா. சாயங்காலம் விழா மேடையில அதையே சொல்லு. அடுத்த வருசம் உன் பொண்ணு சிநேகாவுக்கு சீட் வோணும்ல?”

அவர்கள் குடும்பத்தில் காலேஜ் படியேறப் போகிற முதல் ஆள் சிநேகா. அவள் படிப்பு போயும் போயும் இந்த ஆள் கையில் சிக்கியதே என்று ஏசுதாஸுக்கு வயிறு எரிந்தது.

சாயங்காலம் மேடையேறினார். மைக்கைப் பிடித்தார்.

“இந்த பிளேன் ஒரு காக்காவக்கூட சுட்டதில்ல. செத்தவங்கள நெனச்சி நம்மாளுங்க திருத்திக் கட்டினாங்க பாரு, அதான் இதோட பெருமை. போர்டுல கீறது பொய்யி!”

சீட் போயிற்று என்று கண்ணை மூடிக்கொண்டார். கைதட்டல் கூரையைப் பிய்த்தது. பையன்கள் கண்ணெல்லாம் பொரிகடலை மேல். தர்மராஜோ ஏசுதாஸ் பேசிய நேரம் முழுவதும் பக்கத்து நாற்காலிக்காரரிடம் நிலம் பேசிக்கொண்டிருந்துவிட்டு, எழுந்து வந்து சால்வை போர்த்தினார்.

“சூப்பரா பேசினபா!”

காறித் துப்பலாம் போலிருந்தது. திட்டக்கூட ஒருத்தனும் காது கொடுக்கவில்லையே!

மறுநாளே அடுத்த வருஷத்துக்கான சீட் கடிதம் வந்தது: ‘மூன்று எதிரி விமானங்களைச் சுட்டு வீழ்த்திய மாவீரர் ஏசுதாஸின் மகளுக்கு.’

ஏசுதாஸ் இரண்டு முறை படித்தார். பிறகு, கசங்காமல் மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.