குப்பம்மாள் என்று பெயர் வைத்தவள்

எங்கள் பக்கம் ஒருத்திக்குக் குப்பம்மாள் என்று பெயர் இருந்தால், அவளுக்கு முன்னால் பிறந்தவை தங்கவில்லை என்று அர்த்தம். பக்கத்து வீட்டு முருகம்மாளுக்கு இரண்டு பிள்ளைகள் தொட்டிலிலேயே போய்விட்டன. மூன்றாவதாகப் பெண் பிறந்ததும், அதைக் குப்பைமேட்டில் புரட்டி எடுத்து, மூக்குக் குத்தி, ஒரு படி தவிட்டுக்கு என்னிடம் விற்றாள். வாங்கின நான் வளர்க்கச் சொல்லி அவளிடமே திருப்பிக் கொடுத்தேன். வேண்டாத பிள்ளை, விலைபோன பிள்ளை என்று நினைத்து எமன் திரும்பிப் பார்க்காமல் போய்விடுவானாம். எமன் என்ன அம்புட்டு முட்டாளா என்று எனக்கு அன்றைக்கே தோன்றியது. ஆனால் பெற்றவள் முகத்தைப் பார்த்துவிட்டு யாருக்கு அதைக் கேட்க வாய் வரும்?

பிள்ளை தங்கியது. முருகம்மாள் அதைக் கொஞ்சி நான் பார்த்ததில்லை. "ஏ குப்பை, இங்கன வா" என்றுதான் கூப்பிடுவாள். உன் மகளா என்று யாராவது கேட்டால், என்னைக் கைகாட்டி, "செல்லக்கனி மதினி பிள்ளை, நான் சும்மா சோறு போடுதேன்" என்பாள். பள்ளிக்கூடத்தில் அந்தப் பெயரால் அது பட்ட கேலி கொஞ்சநஞ்சமில்லை. அழுதுகொண்டே வரும். இவள் மசியவே மாட்டாள். கல்நெஞ்சுக்காரி என்று ஊர் சொன்னது. பிள்ளைக்கு லேசாக மேல் சுட்டுக் காய்ச்சல் கண்டாலும் இவள் பச்சைத்தண்ணீர் குடிக்கமாட்டாள் என்பது எனக்குத் தெரியும்.

போன வருஷம் கல்யாணம் பேசினார்கள். மாப்பிள்ளை பிரபாகரன் நல்ல பையன். பத்திரிகையில் குப்பம்மாள் என்று அடித்தால் கூட்டாளிகள் சிரிப்பார்கள் என்று தயங்கித் தயங்கித்தான் சொன்னான். பிள்ளையே ஆசைப்பட்டு ஓவியா என்று வைத்துக்கொண்டது. நிச்சயத்தன்று முருகம்மாள் சபையில் எழுந்து, "எம்மக ஓவியா" என்றாள். சொன்னதுமே முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

கல்யாணத்துக்குள் தீபாவளி சீசன் வந்துவிட்டது. நானும் முருகம்மாளும் ஓவியாவும் எம். புதுப்பட்டி பக்கம் ஒரே பட்டாசுக் கம்பெனியில்தான் வேலை. ஆர்டர் நெருக்குகிறது என்று, நாலு பேர் உட்காரவேண்டிய அறையில் போர்மேன் ஒன்பது பேரை நெருக்கி உட்காரவைத்து வெடிக்கு மருந்து செலுத்தச் சொன்னார். அந்த அறை வெடித்தது. ஆறு பேர் செத்தார்கள். அதில் ஓவியாவும் ஒருத்தி.

விசாரணைக்கு வந்த அதிகாரி, அறையில் எத்தனை பேர் இருந்தார்கள் என்று முருகம்மாளைக் கேட்டார். எதிர் ஷெட்டில் காகிதம் ஒட்டிக்கொண்டிருந்தவளுக்கு அது தெரியாமல் இல்லை.

"கம்பெனி மேல குத்தமில்லய்யா. பேர மாத்த விட்டது நான். ஊரறிய எம்மகன்னு சொன்னது இந்த வாயி."

பக்கத்தில் நின்ற போர்மேன் துக்கமாகத் தலையாட்டினார். ஒன்பது பேர் இருந்தார்கள் என்று நான் கத்தினேன். பெற்ற தாயே குற்றமில்லை என்கிறாளே என்று அதிகாரி காரில் ஏறிவிட்டார்.

கம்பெனியைத் திரும்பத் திறந்த அன்றைக்கு நேரே அவள் வீட்டுக்குப் போய்ச் சத்தம் போட்டேன்.

"ஏ முருகம்மா, உம்மக சாவுக்கு நீ காரணம்னே வச்சுக்குவோம். கூடச் செத்த அஞ்சு பேரு பேர யாருடி மாத்துனா?"

அவள் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். சுளகைக் கீழே வைத்தாள்.

"அவுக வீட்டுலயும் ஏதாச்சும் தப்பு நடந்திருக்கும், மதினி" என்றாள்.