எனக்கு நானே கொடுத்த ரத்தம்

முதலில் விரல் நுனிகள் வெளுத்தன. நான் பள்ளிக்கூடத்தில் தமிழ் நடத்துகிறவள். விரல் வெள்ளையாக இருந்தால் சாக்பீஸ் தூள் என்றுதான் நினைப்பேன். மார்கழிக் காலையில் குழாய்த் தண்ணீரில் டிபன் பாக்ஸ் கழுவும்போது விரல்கள் வெளுத்து, நீலமாகி, கொஞ்ச நேரத்தில் சிவந்து சுருக்சுருக்கென்று குத்தும். சேலைத் தலைப்பில் தேய்த்துவிட்டு வகுப்புக்குப் போய்விடுவேன். எழுதி எழுதித் தேய்ந்திருக்கும் என்றார் என் கணவர். திண்டுக்கல்லில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருக்கிறார் அவர். உலகத்தில் எதுவானாலும் தேய்ந்துதான் கெடும் என்பது அவருடைய முடிவான கருத்து.

அடுத்ததாகத் தோல் இறுகியது. அதனால் எனக்கு நல்ல பெயர்தான் கிடைத்தது. நாற்பதைத் தாண்டியும் முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. பள்ளியில் கூட வேலை பார்க்கிறவர்கள் என்ன க்ரீம் என்று கேட்டார்கள். என் கணவரின் அக்கா, எனக்கு மதினி, பழனியை ஒட்டிய ஆயக்குடியில் வாக்கப்பட்டவர். அந்தப் பக்கம் போனதிலிருந்து கூடப் பிறந்த தம்பியிடமே 'ஏனுங்க' போட்டுப் பேசுகிறவர். அவர் என் கன்னத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, அது என்ன மருந்து என்று எனக்கு மட்டும் சொல்லுங்க என்று ரகசியமாகக் கேட்டார்.

பிறகு வாய் சுருங்கியது. பெரிதாகத் திறக்க முடியவில்லை. இட்லியைப் பொடிப்பொடியாகப் பிய்த்துப் போட்டுக்கொள்வேன். பல் டாக்டர் உள்ளே பார்க்க முடியாமல் டார்ச்சை அணைத்துவிட்டார்.

"ஆண்டவர் என் ஜெபத்தப் பாதிதான் கேட்டிருக்காரு," என்றார் என் கணவர். "வாயி சின்னதாச்சு. பேச்சு குறையல."

நானும் சிரித்தேன். மாடியில் இருக்கும் வகுப்பறைக்கு ஏறும்போது நடுவில் நின்று மூச்சு வாங்க ஆரம்பித்த அன்றோடு அந்தச் சிரிப்பு நின்றது.

மதுரையில் ஒரு டாக்டர் என் புறங்கைத் தோலைக் கிள்ளித் தூக்கப் பார்த்தார். வரவில்லை. உடம்பைக் காக்க வேண்டிய அணுக்கள் உடம்பையே எதிரி என்று நினைத்து அடிக்கின்றன, முதலில் தோலை அடித்தன, இப்போது நுரையீரலுக்குப் போயிருக்கின்றன என்று சொன்னார். மாத்திரைகள் கொடுத்தார். தவறாமல் விழுங்கினேன். ஆனாலும் ஒவ்வொரு ஸ்கேனிலும் நுரையீரல் கொஞ்சம் கொஞ்சமாக மோசமாகிக்கொண்டே வந்தது. கடைசியில் சென்னையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுத்து அனுப்பினார்.

சென்னை டாக்டரம்மா என்னைவிட இளையவர். என் ரத்தத்திலிருந்தே ஸ்டெம் செல் எனப்படும் மூல அணுக்களைப் பிரித்து, உறைய வைத்து, அதன்பின் கடுமையான மருந்து கொடுத்து இப்போதிருக்கும் எதிர்ப்பு சக்தியை அனேகமாக முழுசாக அழித்துவிட்டு, எடுத்து வைத்த அணுக்களை எனக்கே திரும்ப ஏற்றுவோம் என்றார். எதையும் மறைக்கவில்லை.

"இதுல நோய் அப்படியே நிக்க நல்ல வாய்ப்பு இருக்கு. ஆனா இந்தச் சிகிச்சையிலயே உயிருக்கு ஆபத்து வர்றதும் உண்டு. யோசிச்சுச் சொல்லுங்க."

ரயிலில் திண்டுக்கல் வந்து சேரும் வரைக்கும் என் கணவர் டாக்டரம்மா கொடுத்த தாளையே திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டு வந்தார். அவர் அப்படி இருந்ததே எனக்குப் பயமாக இருந்தது.

வீட்டுக்கு விசாரிக்க வந்த மதினியிடம்தான் அவர் அதைப் பற்றிப் பேச்செடுத்தார். எரிந்துபோன மோட்டாரில் பழைய காயிலை உருவிப் போட்டுவிட்டுப் புதிதாகச் சுற்றுவது மாதிரிதான் என்று விளக்கினார். மதினி பொறுமையாகக் கேட்டுவிட்டு, யாருடைய ரத்தம் என்றார். இவளுடையதேதான் என்றார் இவர்.

"ஏனுங்க தம்பி, எரிஞ்ச கம்பியவே எடுத்துத் திருப்பிச் சுத்துவீங்களா?"

அந்தக் கேள்வி அவரை ஒரு வாரம் தூங்க விடவில்லை. அடுத்த முறை சென்னைக்குப் போனபோது வேறு எதையும் கேட்காமல் இதைத்தான் கேட்டார். டாக்டரம்மா என்னைப் பார்த்துப் பதில் சொன்னார். தப்பாகப் பாடம் படித்துவிட்ட பெரிய வகுப்புப் பிள்ளைகளைத்தான் மருந்து வெளியே அனுப்புகிறது. நாங்கள் எடுத்து வைப்பது இன்னும் பள்ளிக்கூடமே பார்க்காத குழந்தைகளை. அவர்கள் முதலிலிருந்து படித்து வருவார்கள், இந்த முறை ஒழுங்காகப் படிப்பார்கள் என்று நம்புகிறோம் என்றார். நம்புகிறோம் என்ற சொல்லை அவர் அழுத்திச் சொன்னதை நான் கவனித்தேன். ஒவ்வொரு ஜூன் மாதமும் நானும் அதைத்தான் சொல்கிறேன்.

முடிவெடுக்க வேண்டிய நாளில் அடுப்படியில் வெஞ்சனம் வைத்துக்கொண்டிருந்தேன். என்னங்க சொல்றீங்க என்று கேட்டேன். உனக்கு எது சரியாகப்படுகிறதோ அதைச் செய் என்றார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. கடைக்கு வருகிறவன் எந்த மோட்டார் வாங்க வேண்டும், எந்த ஊரில் பெண் எடுக்க வேண்டும் என்று கேட்காமலே சொல்கிற மனிதர், இதற்கு மட்டும் என் தலையில் கட்டுகிறாரே என்று கரண்டியைப் போட்டுவிட்டேன்.

அவர் தண்ணீர்க் குடத்துக்குப் பக்கத்தில் வந்து நின்றார்.

"நான் பண்ணுன்னு சொல்லி ஒண்ணு ஆகிப்போச்சுன்னா, நான் யார்ட்டப் போயி சண்ட போடுவேன்? எனக்குச் சண்ட போடவும் உன்ன விட்டா ஆளு இல்ல டீச்சர்."

கோபம் வந்தாலும் பாசம் வந்தாலும் அவருக்கு நான் டீச்சர்தான். செய்துகொள்கிறேன் என்றேன்.

முதலில் அணுக்களை எலும்புக்குள்ளிருந்து ரத்தத்துக்கு வரவழைக்க மருந்தும் ஊசியும் போட்டார்கள். இடுப்பெலும்பை யாரோ உள்ளிருந்து இடிப்பது போல வலித்தது. பிறகு கழுத்தில் குழாய் வைத்து ஒரு மெஷினோடு இணைத்தார்கள். ரத்தம் ஒரு குழாயில் போய், வேண்டியதை அங்கே விட்டுவிட்டு, இன்னொரு குழாயில் திரும்பி வந்தது. உதடு எறும்பு ஊர்வது போல மதமதத்தது. சுண்ணாம்புச் சத்து குறைவதால் அப்படித்தான் என்று மருந்து கொடுத்தார்கள். என் கணவருக்கு என்னைவிட மெஷின் மேல்தான் கண். அது என்ன வேகத்தில் சுற்றுகிறது, கரண்டு போனால் என்ன ஆகும் என்று மெஷினை இயக்கும் ஆளைத் துளைத்துவிட்டார். சாயங்காலம் ஒரு சின்னப் பையைக் காட்டினார்கள். தக்காளி ரசம் மாதிரி இருந்தது.

"அம்புட்டுப் பாடு பட்டு இம்புட்டுதானா?" என்றார்.

அதை உறைய வைத்துவிட்டு என்னைச் சில வாரங்கள் ஊருக்கு அனுப்பினார்கள். முதலில் போட்ட அந்த மருந்தில் தலைமுடி கொத்துக்கொத்தாக உதிர்ந்தது. வீட்டிலேயே மழித்துவிட்டோம். வெளியே போகும்போது எல்லாரும் பரிதாபமாகப் பார்ப்பார்கள் என்று நினைத்திருந்தேன். திண்டுக்கல்லில் மொட்டைத் தலையை யார் பரிதாபமாகப் பார்ப்பார்கள்? தெருமுனையில் பூ விற்கிற அக்கா கேட்டது ஒரே கேள்விதான்.

"பழனிக்கா, வேளாங்கண்ணிக்கா?"

"ரெண்டும் இல்லக்கா. இது மெட்ராஸ் வேண்டுதல்," என்றார் என் கணவர்.

திரும்பப் போனபோது தனி அறையில் போட்டார்கள். பழைய சக்தியை அழிக்கும் மருந்து ஏறிய நாட்களில் குளிர் நடுக்கி எடுத்தது, கட்டில் ஆடியது. அதைப் பற்றி அதிகம் எழுத வேண்டாம். அணுக்களை ஏற்றிய நாளில் பெரிதாக ஏதோ நடக்கப்போகிறது என்று காத்திருந்தேன். அந்தச் சின்னப் பையை வெந்நீரில் இளக்கிக் கொண்டுவந்து குளுக்கோஸ் போல மாட்டினார்கள். கொஞ்ச நேரத்தில் முடிந்துவிட்டது. அதோடு அறை முழுவதும் பூண்டு வாடை. அணுக்கள் கெடாமல் இருக்கச் சேர்க்கும் மருந்தின் வாடை, என் மூச்சு வழியாகத்தான் வருகிறதாம். மாஸ்க்குக்கு மேலே என் கணவரின் மூக்கு சுருங்கியதைப் பார்த்தேன். கொடைக்கானல் மலைப்பூண்டு மண்டிக்குள் நிற்பது மாதிரி இருக்கிறது என்றார். நர்ஸ் பெண் சிரித்துக்கொண்டே, இன்றைக்குத்தான் உங்களுக்குப் புதுப் பிறந்தநாள் என்றாள். அப்படியென்றால் திரும்ப ஞானஸ்நானம் வாங்க வேண்டுமா என்று பங்குச்சாமியிடம் கேட்க வேண்டும் என்றேன்.

அதற்குப் பிறகு வந்த நாட்கள்தான் கடினம். பழையது செத்துவிட்டது, புதியது முளைக்கவில்லை. வாயெல்லாம் புண். காய்ச்சல் வந்தது. என்னால் பேச முடியவில்லை. என் கணவரைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிறுத்திவிட்டார்கள், போனில்தான் பேசலாம். கல்யாணமான நாளிலிருந்து பேச்சு என் பக்கம் இருந்தது. இப்போது அது முழுதும் அவர் தலையில் விழுந்தது. ஊர்ச் செய்தி சீக்கிரமே தீர்ந்துபோனது. பிறகு கடையில் நிற்கும் மோட்டார்களைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். எரியோட்டுக்காரர் மோட்டாருக்குள் தண்ணி இறங்கிவிட்டது, வடமதுரைக்காரர் மோட்டார் எதற்கும் கட்டுப்படவில்லை என்று ஒவ்வொன்றாக. ஒரு நாள் குரல் உடைந்து நடுவில் நிறுத்தினார். நான் கண்ணாடியில் விரலால் தட்டினேன். வடமதுரை மோட்டார் என்னாச்சு என்று கேட்டதாக எடுத்துக்கொண்டு மேலே சொன்னார்.

ஒரு காலையில் டாக்டரம்மா வந்து, செல் பிடித்துவிட்டது, எண்ணிக்கை ஏறுகிறது என்றார். என் கணவர் தோட்டக்கார வீட்டுப் பிள்ளை. நாற்று பிடிச்சிருச்சு என்று யார் யாருக்கோ போன் போட்டுச் சொல்லிக்கொண்டிருந்தார். ராங் நம்பரில் எடுத்த ஒருவருக்கும் சொன்னார் என்று பிறகு தெரிந்தது.

வீட்டுக்கு வந்ததும் அவர் ஒரு சுகாதார அதிகாரியாக மாறிவிட்டார். பூந்தொட்டிகள் வெளியே போயின. காய்ச்சாமல் எதுவும் என் வாய்க்கு வராது. மதினி ஒரு கூடைக் கொய்யாப்பழத்தோடு வந்தார். இவர் கேட்டிலேயே அவரை நிறுத்தி, பச்சையாகப் பழம் கொடுக்கக்கூடாது என்று சொல்லிவிட்டார்.

"ஏனுங்க தம்பி, நான் வெசத்தையா கொண்டாந்திருக்கேன்?"

மதினியின் கண் கலங்கியது. இவருக்கு அக்காவையும் விட முடியவில்லை, டாக்டரையும் விட முடியவில்லை. எல்லாப் பழத்தையும் குக்கரில் போட்டு விசில் விட்டார். கூழாக வந்ததை மூன்று பேரும் ஆளுக்கொரு கிண்ணம் சாப்பிட்டோம். அதைப் போல ஒரு மோசமான பண்டத்தை நான் அதற்கு முன்னும் தின்றதில்லை, பின்னும் தின்றதில்லை. நல்லாயிருக்கு என்று மூவருமே சொன்னோம்.

மாதங்கள் போகப் போகத் தோல் இளகியது. புறங்கையைக் கிள்ளினால் தோல் எழும்பி வந்தது. விரல்களை மடக்க முடிந்தது. வாய் முன்போல இல்லாவிட்டாலும் ஒரு வாய் சோறு தாராளமாகப் போகும். மூச்சு பழையபடி திரும்பவில்லை, ஆனால் மேற்கொண்டு கெடவும் இல்லை. டாக்டரம்மாவுக்கு அதுவே பெரிய சந்தோஷம். கண் ஓரத்தில் சுருக்கம் விழுந்ததைப் பார்த்து மதினிக்கு மட்டும்தான் வருத்தம். க்ரீமை ஏன் நிறுத்தினீங்க என்றார்.

ஒரு வேலை பாக்கி இருந்தது. சின்ன வயதில் போட்ட தடுப்பூசிகளையெல்லாம் என் உடம்பு மறந்துவிட்டதாம். எல்லாவற்றையும் முதலிலிருந்து போட வேண்டும். திண்டுக்கல்லில் அதற்குக் குழந்தைகள் டாக்டரிடம்தான் போகச் சொன்னார்கள். சுவரெல்லாம் முயலும் கரடியும். சுற்றிலும் கைக்குழந்தைகளோடு தாய்மார்கள். பக்கத்தில் இருந்த பெண் என் வெறும் மடியைப் பார்த்துவிட்டு, பாப்பா எங்கக்கா, யார் வச்சிருக்கா என்று கேட்டாள்.

"இந்தா இவுகதான் பாப்பா," என்றார் என் கணவர், முகத்தை மாற்றாமல். "நான் கூட்டியாந்திருக்கேன்."

அந்தப் பெண் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டுத் தன் குழந்தையை மறுபக்கத் தோளுக்கு மாற்றிக்கொண்டாள். உள்ளே கூப்பிட்டார்கள். நர்ஸ் அம்மா பழக்க தோஷத்தில், ஒண்ணுமில்ல தங்கம், எறும்பு கடிச்ச மாதிரிதான் இருக்கும் என்று சொல்லிக்கொண்டே வந்து என்னைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார். பரவாயில்லை, சொல்லுங்கள் என்றேன். ஊசி ஏறும்போது நான் அழவில்லை. என் கணவர்தான் கரடிப் படத்தின் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். அடுத்த ஊசிக்கு எப்போது வர வேண்டும் என்று கேட்டுக்கொண்டு, கையைத் தேய்த்தபடி வெளியே வந்தேன். அவர் வண்டியை எடுக்கப் போனார்.