சொல்லாமல் விட்ட வசனம்

அந்தத் துணிக் குழாயை என் மூத்த சகோதரரான காக்கா இரண்டு விரல்களுக்கிடையில் வைத்துத் தேய்த்துப் பார்த்த விதம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது. கொழும்பில், இருதய சத்திரசிகிச்சைக் கிளினிக்கின் சிறிய அறை. டொக்டர் மாதிரிக்குக் காட்டிய அந்தக் குழாய் வெள்ளையாக, மடிப்பு மடிப்பாக, பெருவிரலைவிடச் சற்றுப் பருமனாக இருந்தது. காக்கா எங்கள் ஊர் மருதமுனையில் இருபது வருடமாகக் கைத்தறிச் சாரன் வியாபாரம் செய்தவர். எந்தத் துணி கைக்கு வந்தாலும் முதலில் அதன் நெசவைத்தான் பார்ப்பார். "நல்ல நெருக்கமா நெய்திரிக்காங்க," என்றார். "இதால ரெத்தம் கசியாது." டொக்டருக்குத் தமிழ் தெரியாது. காக்கா சொன்னதை நான் சிங்களத்தில் சொன்னபோது அவர் சிரித்துவிட்டார்.

மொழிபெயர்ப்பதுதான் என் தொழில். கொழும்பில் ஓர் அரச அலுவலகத்தில், மூலத்தில் உள்ளது கூடாமல் குறையாமல் இருக்கிறது என்று கையெழுத்து வைத்துக் கொடுப்பவள் நான். அன்றும் அப்படித்தான் தொடங்கினேன். டொக்டர் ஒரு தாளில் படம் கீறினார். இருதயத்திலிருந்து மேலேறி, கைத்தடியின் பிடிபோல வளைந்து, முதுகெலும்போரமாகக் கீழிறங்கும் பெருநாடி. காக்காவுக்கு அது நெஞ்சு முழுவதும் வீங்கிப்போயிருந்தது. எல்லாவற்றையும் ஒரே தடவையில் மாற்றினால் அவருடைய உடம்பு தாங்காது, ஆகவே இரண்டு ஒப்பரேஷன் என்றார். முதலாவதில் நெஞ்சை முன்பக்கமாகத் திறந்து, உடம்பைக் குளிரவைத்து, இரத்த ஓட்டத்தையே சற்று நேரம் நிறுத்தி, மேற்பகுதியையும் வளைவையும் எடுத்துவிட்டு அந்த இடத்தில் துணிக் குழாயைத் தைப்பார்கள். குழாயின் மிச்ச நீளத்தை வெட்டாமல் கீழே வீங்கிய நாடிக்குள் தொங்கவிடுவார்கள். அதற்கு யானைத் தும்பிக்கை என்றே பெயராம். சில மாதம் கழித்து இடது விலாப்பக்கம் திறந்து, தொங்கும் அந்த நுனியோடு மீதிக் குழாயை இணைப்பார்கள். "தும்பிக்கையெண்டா பிடிச்சி இழுக்க லேசுதானே," என்று காக்கா, பக்கத்தில் இருந்த தன் மனைவியான மதினியைப் பார்த்துச் சொன்னார். மதினி சிரிக்கவில்லை.

கடைசியில் டொக்டர் பேனையை மூடிவிட்டு இன்னொன்று சொன்னார். இரண்டாவதைத் தள்ளிப்போட வேண்டாம். இடைப்பட்ட காலத்தில் கீழே மிச்சமிருக்கும் வீக்கம் எந்த நாளும் வெடிக்கலாம். வெடித்தால் ஆஸ்பத்திரிக்கு வந்துசேர நேரமிருக்காது. காக்கா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மதினி அந்தப் படத் தாளைக் கவிழ்த்து வைத்தார். "ரெண்டாவதையும் சுணங்காமச் செய்யணுமாம்," என்றேன். அவ்வளவுதான் சொன்னேன்.

முதலாவது ஒப்பரேஷன் நல்லபடி முடிந்தது. காலையில் உள்ளே போனவரைப் பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகுதான் வெளியே கொண்டுவந்தார்கள். குரல் நரம்பு சற்றுப் பாதிக்கப்பட்டதால் அவருடைய குரல் அடைத்துப்போயிருந்தது. ஊருக்குத் திரும்பிக் கடையில் போய் உட்காரத் தொடங்கினார். ஆனால் இரண்டாவது ஒப்பரேஷனுக்குக் கொடுத்த திகதி, காக்காவின் மகள் பல்கலைக்கழகத்துக்காக எழுதும் உயர்தரச் சோதனை நடக்கும் கிழமைகளுக்குள் விழுந்தது. ஒரே பிள்ளை. வாப்பா அங்கே கிடக்கும்போது தன்னால் சோதனை எழுத முடியாது என்று அவள் அழுதாளாம். காக்கா எனக்குப் போன் எடுத்தார். "அஞ்சாறு கிழம பிந்தினா என்ன புள்ள? டொக்டர்ட கேட்டுச் சொல்லன்," என்றது அந்த அடைத்த குரல். நான் கிளினிக்குக்கு எடுத்தேன். பிந்த வேண்டாம், வரச் சொல்லுங்கள் என்றார்கள். அதைச் சொன்னேன். "சோதன முடியட்டும், வாறன்," என்றார். அப்போதாவது அந்த வசனத்தைச் சொல்லியிருக்கலாம். இவ்வளவு நாளும் மறைத்ததை இப்போது சொன்னால் பயந்துவிடுவார் என்று நினைத்தேன். என்னைப் பற்றி என்ன நினைப்பார் என்றும் நினைத்தேன். சரி காக்கா என்று வைத்துவிட்டேன்.

அவள் மூன்றாவது பாடம் எழுதிவிட்டு வீட்டுக்கு வந்த பகலில், சோற்றுக்கு உட்கார்ந்த காக்கா முதுகு பிளக்கிறது என்று சொல்லிச் சாய்ந்தார். கல்முனை ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே உயிர் பிரிந்து மௌத்தாகிவிட்டார். நான் பஸ்ஸில் வந்து இறங்கியபோது ஜனாஸாவைக் குளிப்பாட்டி முடித்திருந்தார்கள்.

மதினி, கணவனை இழந்தவளாய் வீட்டுக்குள்ளேயே இத்தா இருந்த நாட்களில் லீவு எடுத்து வந்து அவருடன் தங்கினேன். ஒரு காலையில், வேறு யாரும் இல்லாதபோது, எல்லாவற்றையும் அவரிடம் சொன்னேன். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். "புள்ளைக்கிட்ட மட்டும் இதச் சொல்லிராதீங்க," என்றார். "தன்ட சோதனையாலதான் வாப்பா போனாரெண்டு அவ சாப்பிர்ரயும் இல்ல, படுக்கிறயும் இல்ல. இதையும் கேட்டா தாங்கமாட்டா."

மதினியின் சொல்லை நான் மீறினேன். அன்றைக்கே அவளுடைய அறைக்குப் போய், "உன்ட சோதனையால இல்ல மகள்," என்று தொடங்கினேன். டொக்டர் சொன்னதை இந்த முறை ஒரு சொல்லும் விடாமல் சொன்னேன். நான் காக்காவிடம் என்ன சொன்னேன் என்பதையும் சொன்னேன்.

"எனக்குத் தெரிஞ்சிருந்தா வாப்பாவக் கூட்டிட்டு வந்திருப்பன் மாமி," என்றாள்.

"ஓம் மகள்."

"சோதனைய அடுத்த வருசம் எழுதியிருப்பன்."

"ஓம்."

அவள் எழுந்து வெளியே போய்விட்டாள். அதன்பிறகு என்னோடு கதைக்கவில்லை. போன பெருநாளைக்கு நான் போனபோதும் தேத்தண்ணியைக் கொண்டுவந்து முன்னால் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போனாள். இப்போது அவள் பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள். போன கிழமை ஒரு காலையில் மதினி எடுத்திருந்தார். வீட்டுக்கு வந்து நிற்கிறாளாம். மாமியோடு ஒரு வார்த்தை கதை என்று சொன்னாராம், மாட்டேன் என்றுவிட்டாளாம். மதினிக்கு அது பெரிய கவலை. நான் வேறொன்றைக் கேட்டேன்.

"இப்ப ராவைக்கு நித்திர கொள்றாவா மதினி?"

"ஓம், நல்லாக் கொள்றா. இன்னும் எழும்பயில்ல."

"எழுப்பாதீங்க," என்றேன்.