எக்ஸ்ரே அக்காவின் இடது கை

சதுரங்க மன்றத்தில் அவருக்கு எக்ஸ்ரே அக்கா என்று பெயர். வயதில் மூத்தவர்களும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். பெரிய ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பது அவர் வேலை. "மூச்சை இழுங்க, பிடிங்க, விடுங்க" என்று நாள் முழுக்கச் சொல்லிச் சொல்லி அந்த நிதானம் அவருக்குள்ளேயே ஊறிவிட்டது. பலகைக்கு முன்னால் எதிராளிக்குத்தான் மூச்சு முட்டும்.

சைக்கிள் கடைக்கு மேலே மாடியில் ஒரே ஒரு நீள அறை, அதுதான் மன்றம். ஜன்னலைத் திறந்தால் ரப்பர் நாற்றம், மூடினால் புழுக்கம். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அக்கா முதல் முறையாக அங்கே படியேறிப் போனார். செயலாளர் நாற்காலியை இழுத்துப் போட்டு மரியாதையாகத்தான் பேசினார்.

"பெண்களுக்குன்னு தனியா போட்டி வைக்கிறோம்மா. அதுல பேர் குடுங்க. நீங்க ஆடுறதப் பாத்தா வருஷா வருஷம் கோப்பை உங்களுக்குத்தான்."

"அதுல எத்தனை பேர் ஆடுறாங்க?"

"உங்களையும் சேத்தா நாலு பேர்."

"பொதுப் போட்டியில?"

"அதுக்கு நிறைய பேர் வருவாங்க. ஆனா எல்லாம் ஆம்பளைங்க."

"என் பேரை அதுல எழுதுங்க."

செயலாளர் எழுதினார். எழுதிவிட்டுப் பக்கத்தில் இருந்தவரிடம், "மூணு ரவுண்டு தாங்குறாங்களா பாப்போம்" என்றார். அக்காவின் காதில் விழட்டும் என்றுதான் சொன்னார்.

அந்த வருடம் அக்கா கடைசியிலிருந்து எண்ணினால் சீக்கிரம் வந்துவிடும் இடத்தில் இருந்தார். அடுத்த வருடம் கொஞ்சம் மேலே. வேலையில் இருந்த காலம் முழுக்க அவர் தொட்ட உச்சம் மூன்றாவது இடம். தன்னிடம் சும்மா ஆடித் தோற்ற பெண்கள் தனிப் பிரிவில் கோப்பை வாங்கிக்கொண்டு போவதை எத்தனையோ முறை பார்த்துவிட்டார். ஒரு முறைகூட அந்தப் பக்கம் போகவில்லை.

"அதுல ஆடியிருந்தா நம்ம வீட்ல கோப்பை வைக்க இடம் இருந்திருக்காது" என்று மகளே ஒரு நாள் சொல்லிவிட்டாள்.

"தூசி தட்டுற வேலை மிச்சம்" என்றார் அக்கா.

அவர் கணவர் தையல்காரர். காய்களின் பெயர்கூடச் சரியாகத் தெரியாது. யாராவது கேட்டால், "யானை நேரா போகும், குதிரை கோணலா போகும், என் பொண்டாட்டி யார் சொன்ன இடத்துக்கும் போக மாட்டா. எனக்குத் தெரிஞ்ச செஸ் அவ்வளவுதான்" என்பார். போட்டி நாட்களில் கடையைச் சீக்கிரம் மூடிவிட்டு வந்து சமைப்பார். அக்கா ஓய்வு பெறுவதற்குச் சற்று முன்னால் அவர் காலமாகிவிட்டார்.

ஓய்வுக்குப் பிறகு அக்கா மூத்தோருக்கான தேசியப் போட்டிக்குப் போகத் தொடங்கினார். ஆண், பெண் எல்லோரும் ஒன்றாக ஆடும் போட்டி அது. இரண்டாம் முறை போனபோது பட்டம் மயிரிழையில் கை நழுவியது. அடுத்த முறை விடுவதில்லை என்று இருந்தவருக்கு, ஒரு நாள் காலையில் கொடியில் துணி உலர்த்தும்போது விரலிலிருந்து கிளிப் நழுவியது. குனிந்து எடுக்கப் போனார். கை வரவில்லை. பக்கவாதம். காலும் பேச்சும் சில வாரங்களில் திரும்பின. வலது கை திரும்பவில்லை.

"இனிமே கம்ப்யூட்டர்ல ஆடிக்கோம்மா" என்றாள் மகள். "மவுஸை இடது கையால நகர்த்திக்கலாம்."

"கம்ப்யூட்டருக்கு வேர்க்காது. எதிர்ல ஒருத்தர் வேர்த்து உக்காந்தாத்தான் எனக்கு ஆட்டம்."

கடையில் இருந்ததிலேயே மட்டமான பிளாஸ்டிக் காய்களை வாங்கிவரச் சொன்னார். மின்விசிறிக் காற்றுக்கே சாயும் காய்கள். இவை விழாமல் நகர்த்தப் பழகினால் எதையும் நகர்த்தலாம் என்பது அவர் எண்ணம். இடது கையும் நடுங்கத்தான் செய்தது. சமையலறை மேஜையிலிருந்து காய்கள் உருண்டு விழும் சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். மகள் எடுக்க வந்தால், "விடு, நான் எடுத்துக்கறேன்" என்பார்.

அந்த வருடமே போட்டிக்குப் போனார். காய்களை நகர்த்த உதவிக்கு ஆள் வைத்துக்கொள்ளலாம் என்றார் நடுவர். வேண்டாம் என்றார் அக்கா. கடைசிச் சுற்றில் எதிரே உட்கார்ந்தவர் ஓய்வு பெற்ற நீதிபதி. அரைப் புள்ளி முன்னால் இருந்தார். அக்கா ஜெயித்தால் பட்டம் அக்காவுக்கு, இல்லாவிட்டால் அவருக்கு.

ஆட்டம் அக்காவின் பிடிக்குள் வந்துவிட்டிருந்தது. குதிரையைத் தூக்கி வைத்தால் நீதிபதியின் ராணி தப்ப வழியில்லை. கையை நீட்டினார். கை வழியிலேயே சரிந்து யானையின் தலையில் இறங்கியது. தொட்ட காயை நகர்த்தியாக வேண்டும் என்பது விதி. தெரியாமல் பட்டால் கணக்கில்லை. பக்கத்தில் நின்ற நடுவர் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் வாய் திறப்பதற்குள் நீதிபதி முந்திக்கொண்டார்.

"விட்டுடுங்க. கை சரியில்லாதவங்க, பாவம். குதிரையையே வைக்கட்டும்."

உண்மையான இரக்கத்தோடுதான் சொன்னார். அக்கா குதிரையை ஒரு கணம் பார்த்தார். பிறகு அந்த யானையையே பிடித்து ஒரு கட்டம் தள்ளி வைத்தார்.

"தொட்டது தொட்டதுதான்."

"அம்மா, தெரியாம பட்டதுக்கு விதி இருக்கு. நான் அனுமதிக்கிறேன்" என்றார் நடுவர்.

"நான் கேக்கலையே."

அந்த ஆட்டத்தில் தோற்றார். திரும்பி வரும் பஸ்ஸில் மகளுக்கு ஆத்திரம் தாங்கவில்லை.

"அந்த ஒரு வார்த்தைக்காகவா பட்டத்தைத் தூக்கிக் குடுத்துட்டு வந்தே?"

"ஆமா."

"விதியே உன் பக்கம் இருந்துச்சும்மா."

"இருந்துச்சு. ஆனா அவர் பாவம் பாத்து விட்டதாலதான் நான் ஜெயிச்சேன்னு நாளைக்கு ஊர் சொல்லும். அதைக் கேட்டுக்கிட்டு நான் இருக்கணுமா?"

"இதுக்குப் பேர் திமிர்."

"இருக்கட்டும்."

மன்றத்தில் பாதிப் பேர் மகளின் கட்சி. அக்காவும் தான் செய்தது சரி என்று யாரிடமும் வாதாடவில்லை. அந்தக் குதிரை மட்டும் பல மாதம் அவரைத் தூங்கவிடவில்லை. பாத்திரம் தேய்த்துக்கொண்டே திடீரென்று தலையை ஆட்டிக்கொள்வார். என்னவென்று மகள் கேட்பதையும் நிறுத்திவிட்டாள்.

நடுக்கத்தை நிறுத்த முடியாது என்று தெரிந்ததும் அக்கா நகர்த்தும் விதத்தை மாற்றினார். மணிக்கட்டைப் பலகையின் ஓரத்தில் ஊன்றி, காயைத் தூக்காமல் பக்கவாட்டில் இழுத்து வைக்கப் பழகினார். குதிரையை மட்டும் தூக்கித்தான் ஆக வேண்டும். அதற்குத் தனியாக மணிக்கணக்கில் பயிற்சி.

அடுத்த வருடப் போட்டியில், நடுச் சுற்று ஒன்றிலேயே நீதிபதி எதிரே வந்தார். உட்காரும்போதே, "போன வருஷம் நான் அப்படிச் சொன்னது..." என்று ஆரம்பித்தார்.

"அப்புறம் பேசலாம். கடிகாரம் ஓடுது."

நீண்ட ஆட்டம். அரங்கில் மற்ற மேஜைகள் காலியான பிறகும் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். கடைசியில் ஒரே ஒரு சிப்பாய் அதிகம் வைத்திருந்தார் அக்கா. அதை அங்குலம் அங்குலமாக நடத்திப்போய் ராணியாக்கினார். நீதிபதி நெற்றியைத் துடைத்துக்கொண்டு எழுந்து வலது கையை நீட்டினார். சட்டென்று நினைவு வந்து இடது கைக்கு மாற்றினார். அக்கா அதை அழுத்திப் பிடித்துக் குலுக்கினார்.

கடைசிச் சுற்றில் டிரா போதுமாக இருந்தது. ருசியில்லாத ஆட்டம், யாரும் நின்று பார்க்கவில்லை. அக்கா தேசிய சாம்பியன் ஆனார். நீதிபதி இரண்டாவது.

பரிசளிப்பில் பட்டத்துக்கான கோப்பையைக் கொடுத்த கையோடு, "சிறந்த பெண் ஆட்டக்காரர்" என்று இன்னொன்றையும் நீட்டினார்கள். முதல் கோப்பையைவிட அதுதான் பளபளப்பு. அக்கா கை நீட்டவில்லை.

"போட்டி ஒண்ணு. அதுல முதல்ல வந்தாச்சு. இது எதுக்கு? வேணும்னா ரெண்டாவது வந்த ஐயாவுக்குக் குடுங்க."

அரங்கம் சிரித்தது. நீதிபதிதான் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தார். அமைப்பாளர் கோப்பையை எங்கே வைப்பது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் கையிலேயே வைத்திருந்தார். பிறகு அக்காவைத் தனியாக அழைத்தார்.

"அடுத்த வருஷம் நீங்க சிறப்பு விருந்தினரா வரணும். உடம்பை வருத்திக்கிட்டு ஆட வேண்டாம், மேடையில உக்காருங்க போதும்."

"மேடையிலேர்ந்து பலகை தெரியாது" என்றார் அக்கா.

அடுத்த வருடமும் ஆடத்தான் போனார். ஐந்தாவது இடம். ஊர் வந்து சேரும்வரை பஸ்ஸில், கோட்டை விட்ட ஆட்டத்தை மகளுக்கு விளக்கிக்கொண்டே வந்தார். மகளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. "சரி, அடுத்த தடவை முன்னாடியே சிப்பாயைத் தள்ளு" என்று வாய்க்கு வந்ததைச் சொல்லி வைத்தாள். அக்கா கண்ணை மூடி யோசித்துப் பார்த்துவிட்டு, "அதுவும் பண்ணலாம்" என்றார்.