வ. புதுப்பட்டியில் நான் போட்ட ஆஸ்பத்திரி

பினாயில் வாசனை கேமராவில் விழாது. தெரிந்தேதான் தெளித்தேன்... நடிக்க வருகிறவர்களுக்கு உள்ளே நுழைந்ததும் ஆஸ்பத்திரி என்ற நினைப்பு வரட்டுமே என்று.

தொண்ணூறுகளின் தொடக்கம். ஆர்ட் டைரக்டராக எனக்கு அது முதல் படம். பெரிய கம்பெனி கிடையாது. பதினைந்து பேர், ஒரே ஒரு வேன். வ. புதுப்பட்டிக்கு வெளியே காலியாகக் கிடந்த மாங்காய் குடோனை ஆரம்ப சுகாதார நிலையமாக மாற்ற வேண்டும்.

எனக்கு ராஜபாளையம்தான் சொந்த ஊர். அங்கே பழைய இரும்புக் கடையில் கட்டிலும் எடை மெஷினும் பிடித்தேன். சத்திரப்பட்டியிலிருந்து பேண்டேஜ் துணி. தடுப்பூசி அட்டவணையை நானே எழுதி, டீத்தண்ணி தொட்டுப் பழசாக்கினேன். வாசல் போர்டில் அங்கங்கே பெயின்ட்டைச் சுரண்டிவிட்டேன்.

டைரக்டர் சுற்றிப் பார்த்துவிட்டு, "ஊர்க்காரங்களே நம்பிடுவாங்கய்யா" என்றார். எனக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை.

நம்பினார்கள்.

மூன்றாம் நாள் காலை. நர்ஸ் வேஷத்தில் ஒரு பெண் மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தாள். கேமரா ஜன்னலுக்கு வெளியே, ஓலைத் தட்டிக்குப் பின்னால். ஷாட் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஒரு அம்மா விறுவிறுவென்று உள்ளே வந்தார். தோளில் இரண்டு வயதுப் பெண் குழந்தை... தலை தொங்கிக் கிடந்தது.

"டாக்டர் எங்கம்மா? பிள்ளைக்கு அனலா கொதிக்கு. கையும் காலும் வெட்டி வெட்டி இழுக்கு. செத்த பாருங்க தாயி!"

நர்ஸாக நடித்தவள் திகைத்துப்போய் ஜன்னலைப் பார்த்தாள். என் பக்கத்தில் நின்ற டைரக்டர் கேமராமேன் தோளை அழுத்தினார். "கட் பண்ணாதே... ஓட்டு, ஓட்டு."

அந்த அம்மா குழந்தையைக் கட்டிலில் கிடத்தினார். யாரும் வரவில்லை என்றதும் தானே அலமாரியைத் திறந்து ஒரு மருந்துப் புட்டியை எடுத்தார்.

அதில் இருந்தது நான் கலக்கி வைத்த பெயின்ட் தண்ணி.

உள்ளே ஓடினேன். "அக்கா, அதக் குடுத்துராதிய! இது ஆஸ்பத்திரி இல்ல... சினிமாவுக்குப் போட்ட செட்டு."

அவர் என்னைப் பார்த்தார். "போர்டு போட்டுருக்கியளேய்யா" என்றார். அவ்வளவுதான்.

குழந்தையை வாரிக்கொண்டு வேனுக்கு ஓடினேன். டைரக்டர் பின்னாலேயே வந்தார். "ஷாட்டக் கெடுத்துட்டியே! அந்த முகம் எந்த நடிகைக்கு வரும்? வேன் போயிட்டா இன்னிக்கு ஷூட்டிங் என்னாகிறது?"

"ஏலே, வண்டிய எடுலே!" என்று டிரைவரிடம்தான் கத்தினேன்.

ஸ்ரீவில்லிபுத்தூர் அரசு ஆஸ்பத்திரியில் சீட்டு எழுதும்போதுதான் அவர் பேர் பேச்சியம்மாள் என்று தெரிந்தது. குழந்தை பிழைத்துக்கொண்டது. நான் திரும்பிப் போய் முதல் வேலையாக அந்தப் போர்டைக் கழற்றினேன். மறுநாள் டைரக்டர் என்னைப் படத்திலிருந்தே கழற்றிவிட்டார்.

படம் வெளிவந்தபோது பார்த்தேன். பேச்சியம்மாள் அதில் இருந்தார்! நான் உள்ளே ஓடுவதற்கு முந்தின நொடி வரை அப்படியே வைத்திருந்தார்கள். கொதித்துப்போய் டைரக்டரிடம் கேட்டேன். "உன் செட்டுக்குக் கிடைச்ச பாராட்டுய்யா அது" என்றார். அந்தப் பாராட்டை இன்றுவரை என்னால் விழுங்க முடியவில்லை.

அதன் பிறகு எத்தனையோ படங்கள் செய்துவிட்டேன். இப்போதெல்லாம் தெருவில் போகிறவர் முகம் பட்டால்கூடக் கையெழுத்து வாங்குகிறோம். அந்தப் பதினைந்து பேரும் மாமர நிழலில் ஒரே சட்டிச் சோற்றைப் பங்குபோட்டுச் சாப்பிட்ட மாதிரி இப்போது எந்த செட்டிலும் சாப்பிடுவதில்லை... அதற்கு மனசு ஏங்கத்தான் செய்கிறது. ஆனால் அன்றைக்கு அந்த அம்மாவிடம் ஒரு வார்த்தை சம்மதம் கேட்க எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லையே!

போன வாரம் ஒரு கல்லூரியில் அந்தப் படத்தைத் திரையிட்டு, என்னையும் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். முடிந்ததும் ஒரு மாணவி எழுந்து, "சார், குழந்தையோட வர்ற அந்த அம்மா என்னமா நடிச்சிருக்காங்க! யாரு அவங்க?" என்று கேட்டாள்.

"அவிய நடிக்கலம்மா" என்றேன். நடந்தது முழுவதையும் சொன்னேன். பேச்சியம்மாள் என்ற பேரையும் சொன்னேன்.

முன்வரிசையில் அதே டைரக்டரும் விருந்தாளியாக உட்கார்ந்திருந்தார். தலை குனிவார் என்று நினைத்தேன்.

அவர்தான் முதலில் கைதட்டினார்.