டிவியில் அகப்படாத ஆட்டக்காரர்

வீடியோ கேசட் கடைக்காரனிடம் ஜனங்கள் எதை வேண்டுமானாலும் தேடச் சொல்வார்கள் என்பது, தொண்ணூறுகளில் அந்தத் தொழிலில் மாட்டிக்கொண்டு முழித்த உங்களுக்கு நான் சொல்லியா தெரிய வேண்டும்? கோயம்புத்தூர் உக்கடத்தில் என் கடைக்கு வந்த ஒருவர் தன்னையே தேடச் சொன்னார்.

ஆளைக் காணோம்

நாச்சிமுத்து அண்ணன் ஒரு காலத்தில் கிரிக்கெட் ஆடியவர். அப்புறம் கிணத்துக்கடவில் தென்னந்தோப்போடு சரி. டிவியில் காட்டிய ஒரு பழைய மேட்ச்சின் பெயரைச் சொல்லி, அதில் தானும் உண்டு என்றார். எனக்கு ஒரே குறுகுறுப்பு. கேசட்டைத் தேடி எடுத்துக் கடையிலேயே போட்டுப் பார்த்தோம். யார் யாரோ வந்தார்கள், போனார்கள். அண்ணனைக் காணோம்.

“இத்தனை வருசம் கழிச்சு இது எதுக்குங்கண்ணா?” என்றேன். மனுஷனுக்கு முகம் சுருங்கிவிட்டது. “கல்யாணத்துக்கு முந்தி நடந்த மேட்ச்சுங்க. நான் டிவியில வந்தேன்னா ஊட்டுக்காரி இன்னிக்கு வரைக்கும் நம்பறதில்லீங்க. சிரிக்கறா. ஒருக்கா அவ பாத்துப்போட்டாப் போதுமுங்க.”

சிக்கனக்காரர்கள்

அதோடு விட்டிருக்கலாம். விட முடியுமா? அதே மேட்ச்சை வீட்டில் பதிவு செய்து வைத்திருந்தவர்களிடமெல்லாம் கேசட் வாங்கி ஓட்டிப் பார்த்தேன். ஒன்றிலும் இல்லை. கடைசியில் அண்ணன் தலையைச் சொறிந்துகொண்டே உண்மையைக் கக்கினார். அவர் பன்னிரண்டாவது ஆள். இடைவேளையில் தண்ணீர் கொண்டு போனவர்.

அட கடவுளே! இதை முதலிலேயே சொல்லக் கூடாதா? நம் ஆட்கள்தான் இடைவேளை வந்ததும் பதிவை நிறுத்திவிடுவார்களே! கேசட் கொடுத்த ஆனைமலைக்காரர் பெருமையாகவே சொன்னார்: “அவனுக தண்ணி குடிக்கறதையெல்லாம் புடிச்சு டேப்பை வீணாக்குவமுங்களா? டக்குனு நிறுத்திப்போடுவனுங்க.”

தூங்கியவர் எங்கே?

இனி சிக்கனக்காரர்களிடம் தேடிப் பிரயோசனமில்லை. பதிவை ஓடவிட்டுத் தூங்கிப்போனவர் யாராவது உண்டா என்று வாடிக்கையாளர்களை விசாரித்தேன். ஒருத்தராவது ஒத்துக்கொள்ள வேண்டுமே! எல்லோரும் கண்கொட்டாமல் பார்த்தவர்களாம். வாடகைக்குப் படக் கேசட் எடுக்க வந்த ஒரு அக்காதான் பக்கத்தில் நின்ற புருஷனை மாட்டிவிட்டார். “எங்கூட்டுக்காரருங்க. டெக்கை ஓடவுட்டுப்போட்டுக் கொறட்டை உட்டாருங்க. இதுல என்னுங்க வெக்கம்?”

அக்கா பார்த்தார்

தூங்கியவர் கேசட்டில் அண்ணன் கிடைத்துவிட்டார்! மறுநாள் அண்ணன் தன் மனைவி சரசக்காவை அழைத்து வந்தார். கடையில் இருந்த ஒரே ஸ்டூலில் அக்கா உட்கார்ந்தார். திரையில் தலை நிறைய முடியோடு ஒரு ஒல்லிப் பையன், தட்டு நிறைய டம்ளரோடு ஓடி வந்தான். நிறுத்திக் காட்டலாமென்றால் முகத்தின் மேலேயே கோடு விழுந்தது. திருப்பித் திருப்பி ஓட்டினேன். அண்ணன் திரையைப் பார்க்கவேயில்லை, அக்கா முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா நன்றாகப் பார்த்தார். “நீங்களேதானுங்க” என்றார். அண்ணனுக்கு வாயெல்லாம் பல். அப்புறம் அக்கா மெதுவாகத் திரும்பினார். “ஏனுங்க, ஊரானுக்கெல்லாம் இந்த ஓட்டம் ஓடித் தண்ணி குடுத்திருக்கறீங்க. ஊட்டுல ஒருக்காலாச்சும் எனக்கு ஒரு டம்ளர் மோந்து குடுத்திருப்பீங்களா?”

கேசட்டில் ஆளைக் கண்டுபிடித்துக் கொடுப்பதோடு கடைக்காரன் வேலை முடிந்தது. வீட்டுக்குப் போனபின் அந்த ஆள் படும் பாட்டுக்கு நாம் பொறுப்பில்லை.